கரி பூசாத முகம்: ரூத் டி சோசாவின் எழுபது ஆண்டுகள்

கேள்வி இதுதான்: பிரேசில் சினிமாவில் நாயகி ஆகாமலேயே, துணை வேடங்களில் மட்டும் அறுபது எழுபது வருஷம் நின்ற நடிகை யாராவது உண்டா? உண்டென்றால், நாயகியாகவே இல்லாத ஒருவரை அந்த நாடு ஏன் நினைவில் வைத்திருக்கிறது?

உண்டு. படங்களின் எண்ணிக்கைதான் கணக்கு என்றால் செசே மாசேடோவைச் சொல்லலாம். 1950களின் சான்ஷாடா எனப்படும் பாட்டும் கூத்தும் கலந்த நகைச்சுவைப் படங்களில் ஒல்லியான, சிடுசிடுத்த அத்தை மாதிரி வந்து சிரிக்க வைத்தவர். ஆனால் உங்கள் இரண்டாவது கேள்விக்குச் சரியான ஆள் வேறொருவர்: ரூத் டி சோசா. 1921இல் பிறந்து 2019இல் மறைந்தார். மேடை ஏறியது 1945இல், கேமரா முன் நின்றது 1948இல். அதன்பிறகு சினிமா, மேடை, டிவி என்று மாறிமாறி, தொண்ணூறு வயதைத் தாண்டியும் நடித்துக்கொண்டிருந்தார்.

ஒரு சின்னத் திருத்தம் சொல்லிவிடுகிறேன். நம் செய்தித்தாள்களில் 'துணை நடிகை' என்றால் கூட்டத்தில் நிற்கிறவர் என்று பொருள் வந்துவிடுகிறது. ரூத் அந்த வகை இல்லை. நாம் குணச்சித்திர நடிகை என்போமே, அது. பெயருள்ள பாத்திரம், வசனம், கதையில் ஒரு வேலை எல்லாம் இருக்கும். போஸ்டரில் முகம் மட்டும் இருக்காது.

அவர் பிறந்தது ரியோ டி ஜெனிரோவின் வடக்குப் பக்கம், ரயில்வே தொழிலாளர்கள் நிறைந்த எஞ்சென்யோ டி டென்ட்ரோ என்ற பகுதியில், 1921 மே 12 அன்று. அந்தத் தேதியைக் கொஞ்சம் கவனியுங்கள். பிரேசிலில் அடிமை முறை சட்டப்படி ஒழிந்தது 1888 மே 13. கணக்குப் போட்டால் முப்பத்துமூன்று வருஷத்துக்கு ஒரு நாள் குறைவு. அடிமையாகப் பிறந்த பாட்டிமார்கள் தெருவில் உயிரோடு நடமாடிய காலத்தில் பிறந்த கறுப்பினப் பெண் இவர். பிற்பாடு திரையில் அடிமைப் பெண்ணாக நடிக்கச் சொன்னபோது அது அவருக்குப் புராணக் கதை இல்லை, போன தலைமுறையின் சங்கதி.

குழந்தைப் பருவம் மினாஸ் ஜெராயிஸ் மாநிலத்தில் ஒரு பண்ணையில். ஒன்பது வயதில் அப்பா இறந்துபோக, அம்மா பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ரியோவுக்குத் திரும்பி, கோபகபானாவில் துணி வெளுத்துக் குடும்பத்தைக் காப்பாற்றினார். ரூத் முதலில் பார்த்த படம் டார்ஜான். அதைப் பார்த்துவிட்டு நானும் நடிகை ஆவேன் என்றிருக்கிறார். கேட்டவர்கள் சிரித்திருக்கிறார்கள். கறுப்பு நடிகை என்று ஒருத்தி எங்கே இருக்கிறாள் என்பது அவர்கள் கேள்வி. அது வெறும் கிண்டல் என்றும் சொல்ல முடியாது, அன்றைய நிலவரம் அப்படித்தான் இருந்தது.

அந்த நிலவரம் புரிய, ஒரு நிமிஷம் பெரு நாட்டின் லிமா நகரத்துக்குப் போகவேண்டும். 1941இல் அப்தியாஸ் டூ நாசிமெண்டோ என்ற பிரேசில்காரர் அங்கே ஒரு நாடகம் பார்க்கிறார். அமெரிக்க நாடக ஆசிரியர் யூஜின் ஓனீல் எழுதிய 'எம்பரர் ஜோன்ஸ்'. கறுப்பின மனிதன் ஒருவன் ஒரு தீவுக்குப் பேரரசனாகி வீழ்கிற கதை. மேடையில் அந்தப் பேரரசனாக நின்றவர் முகத்தில் கருஞ்சாயம் பூசிய ஒரு வெள்ளைக்காரர். கறுப்பின மனிதனின் துயரத்தைப் பேசவே எழுதிய நாடகத்திலும் கறுப்பருக்கு இடமில்லையா என்று அப்தியாஸுக்கு உறைத்தது. தன் நாட்டிலும் இதே கதைதானே என்பது அடுத்த யோசனை. பிரேசில் மேடையில் கறுப்புப் பாத்திரம் சிரிக்க வைப்பதற்கோ தட்டு ஏந்துவதற்கோ வந்தால் கறுப்பரையே போடுவார்கள். பாத்திரத்துக்குக் கொஞ்சம் கனம் இருந்துவிட்டால், வெள்ளை நடிகர் கரி பூசிக்கொள்வார்.

ஊர் திரும்பி, 1944இல் ரியோவில் அவர் தொடங்கியதுதான் 'கறுப்பர் பரிசோதனை நாடகக் குழு'. வீட்டு வேலை செய்யும் பெண்கள், கூலித் தொழிலாளிகள், சின்ன உத்தியோகக்காரர்கள்தான் நடிகர்கள். பலருக்கு எழுத்துக் கூட்டத் தெரியாது. வசனப் பிரதியைக் கையில் கொடுத்தால் படிக்கவேண்டுமே? ஒத்திகையோடு எழுத்தறிவு வகுப்பும் நடத்தினார்கள். பிளாமெங்கோ கடற்கரைச் சாலையில் தேசிய மாணவர் சங்கக் கட்டிடத்தில் ஒத்திகை. கறுப்பு நடிகர்களுக்கென்று ஒரு குழு கிளம்பியிருக்கிறது என்று பத்திரிகையில் படித்துவிட்டு, ரூத் அங்கே போய்ச் சேர்ந்தார்.

முதல் நாடகமாக அப்தியாஸ் எடுத்தது, லிமாவில் பார்த்த அதே 'எம்பரர் ஜோன்ஸ்'. ஓனீலுக்குக் கடிதம் எழுதினார்கள். காசு கொடுக்க வழியில்லை என்றார்கள். அவர் உரிமைத்தொகை எதுவும் வேண்டாம் என்று அனுமதி கொடுத்துவிட்டார். மேடையேற்றிய இடம் ரியோவின் முனிசிபல் தியேட்டர். பாரிஸ் ஓப்பராவைப் பார்த்துக் கட்டிய, பளிங்கும் தங்க முலாமுமாக மின்னுகிற கட்டிடம். அங்கே ஒரு கறுப்பு நாடகக் குழு அதுவரை நடித்ததில்லை. தேதி 1945 மே 8. ஐரோப்பாவில் போர் முடிந்ததாக அறிவித்த அதே நாள். ஊரே தெருவில் கொண்டாடிக்கொண்டிருந்த இரவில் இவர்கள் திரையைத் தூக்கினார்கள்.

பேரரசனாக அகினால்டோ கமார்கோ. ரூத்துக்கு அந்த நாட்டுக் கிழவி வேடம். நாடகப் பிரதியைப் படித்தவர்களுக்குத் தெரியும்: திரை எழுந்ததும் மேடையில் காலடி வைக்கிற முதல் ஆள் அந்தக் கிழவிதான். வெறுங்கால், தலையில் சிவப்புத் துணி, தோளில் ஒரு கம்பு, கம்பு நுனியில் மூட்டை. யாரும் இல்லாத அரண்மனைக் கூடத்தைப் பதுங்கிப் பதுங்கிக் கடக்கப் பார்க்கிறாள். ஒரு வியாபாரி பிடித்துக்கொள்கிறான். ஜனங்கள் எல்லாம் மலைக்கு ஓடிவிட்டார்கள் என்ற செய்தியை அவளிடமிருந்துதான் அவன் பிடுங்குகிறான், நாமும் அப்போதுதான் அறிகிறோம். விட்டதும் ஓடிப்போகிறாள். நாடகம் முடியும்வரை திரும்ப வருவதில்லை. மொத்தமே சில நிமிஷம்தான், ஆனால் பேரரசனுடைய வீழ்ச்சி அங்கேயே தொடங்கிவிடுகிறது. இருபத்துநான்கு வயது நிறைய நான்கு நாள் பாக்கியிருந்த பெண் அந்தக் கிழவியாக வந்தார். ரூத்தின் தொழில் வாழ்க்கை முழுவதையும் அந்த ஒரு காட்சியில் பார்க்கலாம் என்று எனக்குத் தோன்றும். குறுக்கே நடந்து போகிற ஆள், கதையின் கனத்தைத் தூக்கிவந்து வைத்துவிட்டுப் போகிற ஆள்.

சினிமாவுக்கு அழைத்துவந்தவர் எழுத்தாளர் ஜோர்ஜ் அமாடோ. அவருடைய கோகோ தோட்ட நாவலை அட்லாண்டிடா நிறுவனம் படமாக்கியபோது, ரூத்தைப் போடுங்கள் என்று சொன்னார். அது 1948இல் வந்தது. அடுத்த வருஷம் ஜோசே கார்லோஸ் பூர்லே இயக்கிய படம் ஒன்று, தலைப்புக்கு 'நாங்களும் சகோதரர்களே' என்று பொருள். அதில் கிராண்டே ஒடெலோவும் அகினால்டோ கமார்கோவும் வெள்ளைக் குடும்பத்தில் வளர்ந்த இரண்டு கறுப்புச் சகோதரர்கள். பிரேசில் சினிமா நிறப் பிரச்சினையை நேருக்கு நேர் பேசிய ஆரம்பப் படங்களில் ஒன்று. ரூத்தும் அதில் இருக்கிறார்.

இடையில் ஒரு வருஷம் அமெரிக்கா. ராக்பெல்லர் அறக்கட்டளையின் உதவித்தொகை. வாஷிங்டனில் ஹோவர்ட் பல்கலைக்கழகம், கிளீவ்லாண்டில் கராமு ஹவுஸ் நாடக அரங்கம். கறுப்பு நடிகர்கள் நாடகம் பயின்ற, ஒளியமைப்பிலிருந்து மேடை நிர்வாகம் வரை கையில் வைத்திருந்த இடங்கள் இவை. ரியோவில் அப்படி ஒன்றைக் கனவிலும் பார்க்க முடியாத காலம். நடிப்புப் பயிற்சிக்காக வெளிநாடு போன முதல் பிரேசில் கறுப்பு நடிகை இவர்தான் என்பார்கள். அங்கேயே தங்கிவிட்டிருக்கலாம். திரும்பி வந்தார்.

வந்தபோது சாவோ பாவ்லோ பக்கத்தில் வேரா குரூஸ் ஸ்டூடியோ நடந்துகொண்டிருந்தது. 1949இல் தொடங்கியது. பிரேசிலுக்கென ஒரு ஹாலிவுட் கட்டிவிடலாம் என்று தொழிலதிபர்கள் பணத்தைக் கொட்டிய இடம். ஐரோப்பாவிலிருந்து கேமராமேன்கள், எடிட்டர்கள். மாதச் சம்பளத்தில் நடிகர்கள். ஐந்தாறு வருஷத்தில் கடனில் மூழ்கிவிட்டது, அது தனிக்கதை. ரூத்துக்கு அங்கே ஒப்பந்தம் கிடைத்தது. அங்கே எடுத்ததுதான் 'சின்யா மோசா'. 1953இல் வெளியானது, இயக்கம் டாம் பெயின். அடிமை முறையின் கடைசி வருஷங்கள், ஒரு சிற்றூர், கொடுமைக்கார நில உடைமையாளர், அடிமைகளுக்காக இரங்குகிற அவருடைய மகள், அவளை நேசிக்கிற இளம் வழக்கறிஞர். எலியானே லாஜேயும் அன்செல்மோ டுவார்ட்டேயும் ஜோடி. ரூத் சபீனா என்ற அடிமைப் பெண்.

தலைப்பைக் கவனித்தீர்களா? 'சின்யா' என்பது அடிமைகள் வாயில் மருவிய சொல். எஜமானியம்மா என்று பொருள். 'மோசா' என்றால் இளம்பெண். ஆக, படத்தின் பெயரே சபீனாக்கள் அந்தப் பெண்ணைக் கூப்பிடுகிற 'சின்னம்மா'தான். கூப்பிடுகிறவர்களின் குரல் தலைப்பில், கூப்பிடப்படுகிறவள் நடுவில். அந்தக் காலத்துப் படம், வேறெப்படி இருக்கும்? ஆனாலும் படத்தைப் பார்த்து முடித்தபின் எனக்கு மனதில் நின்றது ஜோடியின் காதல் இல்லை, ரூத்தின் முகம்தான். சுற்றிலும் இருப்பவர்கள் அந்தக்கால வழக்கப்படி கையை வீசி, குரலை உயர்த்தி நடிக்கிறார்கள். இவர் அசைவதே இல்லை. தலையைச் சற்றுத் தாழ்த்தி, கண்ணை மட்டும் மேலே எடுக்கிறார். அழுகையை விழப்போகும் இடத்துக்குக் கொண்டுவந்து நிறுத்துகிறார், விழவிடுவதில்லை. மேடையில் வளர்ந்த நடிகை கேமராவுக்கு எவ்வளவு போதும் என்று அத்தனை சீக்கிரம் கண்டுபிடித்தது ஆச்சரியம்.

அந்தப் படம் வெனிஸ் திரைப்பட விழாவில் வெண்கலச் சிங்கம் என்ற விருதை வாங்கியது. இங்கேதான் ரூத்தைப் பற்றி அதிகம் சொல்லப்படுகிற கதை வருகிறது. சிறந்த நடிகைக்கான போட்டியில் கேத்தரின் ஹெப்பர்ன், மிஷேல் மோர்கன், லில்லி பால்மர் ஆகியோரோடு ரூத்தின் பெயரும் இருந்தது, மயிரிழையில் பால்மரிடம் தோற்றார் என்பது கதை. பல இடங்களில் 1954 என்று ஆண்டு போட்டிருப்பார்கள். பால்மர் அந்தக் கோப்பையை வாங்கியது 1953இல், 'சின்யா மோசா'வுக்கு வெண்கலச் சிங்கம் கிடைத்ததும் அதே விழாவில். அதனால் 1953 என்று வைத்துக்கொள்ளுங்கள். இன்னொன்று, வெனிஸில் ஆஸ்கர் மாதிரி பரிந்துரைப் பட்டியல் என்று ஒன்றை அறிவிப்பதில்லை. எனவே புள்ளிக் கணக்கெல்லாம் சொல்லி எழுதுவதைக் கொஞ்சம் தள்ளி நின்று கேட்பது நல்லது. ஆனால் ஒன்றில் சந்தேகமில்லை: அந்தப் படத்தில் துணை வேடத்தில் வந்த கறுப்பின நடிகை வெளிநாட்டார் கண்ணில் பட்டார்.

இப்படி ஒரு பெயர் கிடைத்தபின் என்ன நடந்திருக்க வேண்டும்? அடுத்த படத்தில் நாயகி. நடக்கவில்லை. 1954இல் நகைச்சுவை நடிகர் மாசாரோப்பியின் படத்தில் ஒரு பாத்திரம், அப்புறம் இன்னொன்று, இன்னொன்று. கதை எழுதுகிறவர்கள் கறுப்பினப் பெண்ணை நடுவில் வைத்து எழுதவே இல்லை. எழுதாத வேடத்தில் நடிக்க முடியாது, அவ்வளவுதான் விஷயம். திறமைக்கும் வேடத்தின் அளவுக்கும் சம்பந்தமே இல்லாமல் போய்விட்ட தொழில் வாழ்க்கை இது.

மேடையில் மட்டும் 1961இல் ஒரு தடவை அந்தக் கதவு திறந்தது. கரோலினா மரியா டி ஜேசுஸ் என்ற பெண் சாவோ பாவ்லோவில் கனிண்டே என்ற சேரியில் வாழ்ந்தவர். பழைய காகிதம் பொறுக்கிப் பிழைத்தவர். பொறுக்கிய நோட்டுகளிலேயே தன் நாட்குறிப்பை எழுதிவைத்தார். அடாலியோ டான்டாஸ் என்ற பத்திரிகையாளர் கண்ணில் அது பட்டு, 1960இல் நூலாக வந்து நாட்டையே உலுக்கியது. அதை அடுத்த ஆண்டே நாடகமாக்கினார்கள், இயக்கம் அமீர் ஹடாட். கரோலினாவாக ரூத். வேடத்துக்குத் தயாராகக் கனிண்டே சேரிக்கே போனார். அப்போது எடுத்த புகைப்படம் ஒன்று இருக்கிறது. சேரிப் பின்னணியில் ரூத்தும் கரோலினாவும் பத்திரிகையாளரும். நடிகை யார், நடிக்கப்படுகிறவர் யார் என்று முதல் பார்வையில் சட்டென்று பிடிபடாது. இருபத்திரண்டு வருஷம் கழித்து, 1983இல், டிவியில் கரோலினாவின் கதையை எடுத்தபோதும் ரூத்தைத்தான் கூப்பிட்டார்கள்.

அறுபதுகளின் படங்களில் ஒன்றைத் தவறவிடாதீர்கள். 1962இல் ரோபர்டோ பாரியாஸ் எடுத்த, சம்பள ரயில் கொள்ளையைப் பற்றிய படம். உண்மையில் நடந்த கொள்ளையை வைத்து எடுத்தது. கொள்ளையர்கள் தமக்குள் ஒரு விதி போட்டுக்கொள்கிறார்கள்: ஒரு வருஷத்துக்கு யாரும் பணத்தில் பத்தில் ஒரு பங்குக்கு மேல் தொடக்கூடாது. சேரியில் இருக்கிற கறுப்பன் கையில் புதுப் பணம் புரண்டால் போலீஸ் மோப்பம் பிடித்துவிடும். கூட்டத்தில் இருக்கும் நீலக்கண் வெள்ளைக்காரன் செலவழித்தால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். முழுப் படமும் இந்த ஒரு முடிச்சில் நிற்கிறது. ரூத் அதில் ஜூடித் என்ற பெண்ணாக வருகிறார். கிராண்டே ஒடெலோவும் லூயிசா மரான்யோவும் உண்டு. யார் எவ்வளவு நேரம் வருகிறார்கள் என்று எண்ணத் தோன்றாத படம்.

சரி, டிவிக்கு வருவோம். பிரேசிலில் நடிகர்களுக்குச் சோறு போட்டது சினிமா இல்லை, டிவி தொடர்கள்தான். 1968இல் ரூத் டிவி குளோபோ என்ற தொலைக்காட்சி நிறுவனத்துக்குப் போனார். அடுத்த வருஷம், அமெரிக்க அடிமை முறையைப் பற்றிய 'அங்கிள் டாம்ஸ் கேபின்' நாவலைத் தொடராக எடுத்தார்கள். டாமின் மனைவி குளோயியாக ரூத். குளோபோ தொடரில் முதன்மைப் பாத்திரம் ஏற்ற முதல் கறுப்பு நடிகை என்று வரலாற்றில் பதிந்தது இதனால்தான். நல்ல செய்தி. ஆனால் டாம் யார்? செர்ஜியோ கார்டோசோ என்ற புகழ்பெற்ற வெள்ளை நடிகர். முகத்திலும் உடம்பிலும் கருஞ்சாயம். மூக்கு அகலமாகத் தெரிய மூக்குத் துவாரங்களில் தக்கை, வாய்க்குள் பஞ்சு. விளம்பரதாரருக்கு அந்த நட்சத்திரம்தான் வேண்டுமாம். அதே தொடரில் ஆப்ரகாம் லிங்கனாகவும் அவரே வந்தார், இது நகைச்சுவை இல்லை, நிஜம். நாடக ஆசிரியர் பிளினியோ மார்க்கோஸ் பத்திரிகையில் கடுமையாக எழுதினார், கறுப்பு நடிகர்களுக்கு வேலையே இல்லாத நாட்டில் இது என்ன கூத்து என்று பலர் கேட்டார்கள். தொடர் நடந்தது.

இந்த இடத்தில்தான் நான் எப்போதும் நின்றுவிடுவேன். 1941இல் லிமாவில் ஒரு வெள்ளைக்காரர் முகத்தில் கரி பூசிக்கொண்டதைப் பார்த்து எரிச்சலில் பிறந்தது ஒரு நாடகக் குழு. இடையில் 1948இல் நெல்சன் ரோட்ரிகெஸின் நாடகம் ஒன்று. கறுப்பின மருத்துவர்தான் நாயகன். அப்தியாஸை நினைத்து எழுதியது. மேடையேறியபோது அங்கேயும் கரி பூசிய வெள்ளை நடிகர். அப்தியாஸின் குழுவில் பயின்ற பெண், முதன்முதலில் மேடையேறி இருபத்துநான்கு வருஷம் கழித்து, நாடறிந்த நடிகையாகி, ஒரு முதன்மை வேடத்துக்கு வந்து சேர்கிறார். கேமரா முன் அவருக்குக் கணவனாக நிற்பது மறுபடி அதே கரி. ஒரு காட்சியில் இரண்டு பேர் முகமும் ஒன்றாகத் தெரிந்திருக்கும், ஒன்று சாயம், மற்றது தோல். பார்க்கிறவர்களுக்கு வித்தியாசம் தெரியாமலா இருக்கும்? ரூத் வேலையை விட்டு வெளியேறவில்லை. அது சமரசமா என்று கேட்பவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. அவர் போயிருந்தால் குளோயிக்கும் சாயம் பூசிய இன்னொருவர் வந்திருப்பார் என்பதுதான் அன்றைய நிலைமை.

அதன்பிறகு முப்பது வருஷத்துக்கு மேல் தொடர் மாற்றித் தொடர். எனக்குப் பிடித்தது 1973இன் 'ஓ பெம்-அமாடோ'. டயஸ் கோமெஸ் எழுதியது, பிரேசிலின் முதல் வண்ணத் தொடர். ஒரு சிற்றூர் மேயர் தேர்தல் வாக்குறுதிப்படி இடுகாடு ஒன்றைக் கட்டிவிட்டு, திறந்துவைக்கப் பிணம் கிடைக்காமல் அல்லாடுகிறார். ஊரில் ஒருவரும் சாகமாட்டேன் என்கிறார்கள். அந்த ஊரின் மருத்துவச்சி, பிரசவம் பார்க்கிற ஷிக்கின்யா, யார் தெரியுமா? ரூத். மேயர் சாவுக்குக் காத்திருக்க, இந்தம்மா பிள்ளை பெற வைத்துக்கொண்டே இருக்கிறார்! 1986இல் 'சின்யா மோசா' கதையை டிவி தொடராக எடுத்தபோது அதிலும் இருந்தார், அதே ஆண்டு நெல்சன் பெரேரா டோஸ் சான்டோஸ் எடுத்த ஜோர்ஜ் அமாடோ நாவல் படத்திலும் இருந்தார். 2001இல் வந்து உலகமெல்லாம் ஓடிய 'ஓ குளோன்' தொடரில் டோனா மோசின்யா. அதற்கு முன் 1999இல், ஆண் பெண் இருவர் சண்டையே படமாக ஓடும் 'உம் கோப்போ டி கோலெரா'வில் வீட்டைப் பார்த்துக்கொள்ளும் மூதாட்டி.

ஆமாம், வேலைக்காரி வேடம் நிறைய. அடிமைப் பெண், சமையல்காரி, செவிலித்தாய், மருத்துவச்சி. அதைப் பார்த்து முகம் சுளிப்பவர்களும் உண்டு. கவனித்துப் பார்த்தால் அவர் செய்தது வேறு. பிரேசில் டிவியில் வேலைக்காரி என்றால் ஒன்று வாயாடிக் கோமாளி, இல்லையென்றால் கண்ணீர்ப் பிரவாகம். ரூத்தின் வேலைக்காரிகள் இரண்டும் இல்லை. அவர்கள் தட்டை வைக்கும்போது வீட்டாரின் ரகசியம் எல்லாம் தெரிந்த ஆள் தட்டை வைக்கிற மாதிரி இருக்கும். கேமரா அவரை விட்டு நகர்ந்தபின்னும் அந்த அம்மாள் வேறொரு அறையில் தன் வாழ்க்கையை வாழ்ந்துகொண்டிருக்கிறாள் என்று நமக்குத் தோன்றும்.

சினிமாவில் நாயகி வேடம் கடைசிக் காலத்தில்தான் வந்தது. அப்போது அவருக்கு எண்பது தாண்டிவிட்டது. ஜோயல் சிட்டோ அராவ்ஜோ இயக்கிய 'ஆஸ் பில்யாஸ் டூ வென்டோ', 'காற்றின் மகள்கள்' என்று சொல்லலாம். நடிகர்கள் அநேகமாக அத்தனை பேரும் கறுப்பினத்தவர். மினாஸ் ஜெராயிஸில் ஒரு சிற்றூர். இரண்டு சகோதரிகள். சிடா நடிகையாக வேண்டுமென்று ஊரை விட்டு ரியோவுக்குப் போகிறாள். ஜூ அப்பாவோடு ஊரிலேயே தங்குகிறாள். ஏறக்குறைய நாற்பத்தைந்து வருஷம் கழித்து, அப்பாவின் சாவு இருவரையும் ஒரே வீட்டில் கொண்டுவந்து நிறுத்துகிறது. சிடாவின் இளமைக்கு டாயிஸ் அராவ்ஜோ, முதுமைக்கு ரூத். ஜூவின் முதுமைக்கு லேயா கார்சியா. இவரும் அப்தியாஸின் குழுவில் வளர்ந்தவர். மினாஸில் வளர்ந்து ரியோவில் நடிகையான பெண் என்றால் ரூத்தின் கதை மாதிரியே இல்லையா? அப்பாவாக நடித்த மில்டன் கோன்சால்வெஸ் ரூத்தைவிடப் பன்னிரண்டு வயது சின்னவர் என்பது ஒரு வேடிக்கை. சிறு வயதில் கிழவியாக நடித்தவருக்கு, கிழவியான பிறகு சின்னவர் ஒருவர் அப்பா!

அந்தப் படத்தில் இரண்டு மூதாட்டிகளும் பழைய கணக்கைத் தீர்க்கிற காட்சிகளைத்தான் நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். லேயா பொங்குகிறார். ரூத் வழக்கம்போல் அடங்கியிருக்கிறார். கோபம் யாருக்கு அதிகம் என்று கேட்டால் பதில் சொல்ல முடியாது. 2004இல் பிரேசிலின் கிரமாடோ திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான கிகிட்டோ விருது இருவருக்கும் பகிர்ந்து கொடுக்கப்பட்டது. வெனிஸுக்கும் கிரமாடோவுக்கும் இடையில் ஐம்பத்தொரு வருஷம். கிரமாடோ என்றதும் இன்னொன்று நினைவுக்கு வருகிறது: லேயா கார்சியா 2023 ஆகஸ்ட் 15 அன்று இறந்தது அந்த ஊரில்தான். வாழ்நாள் சாதனைக்காக அவரைக் கௌரவிக்க இருந்த அதே நாளில்.

2019 கார்னிவலில் சான்டா குரூஸ் என்ற சாம்பா பள்ளி, அதாவது ஊர்வலம் நடத்தும் நடன மன்றம், ரூத்தின் வாழ்க்கையையே ஊர்வலத்தின் கருப்பொருளாக எடுத்தது. ரியோவில் அதைவிடப் பெரிய மரியாதை கிடையாது என்பார்கள். தொண்ணூற்றேழு வயதில் அவரே வந்து கலந்துகொண்டார். சில மாதங்களில், ஜூலை 28 அன்று, காலமானார். உடலை அஞ்சலிக்கு வைத்த இடம் முனிசிபல் தியேட்டர்.

ஏன் நினைவில் நிற்கிறார் என்ற உங்கள் கேள்விக்கு என் பதில்: 'முதல்' என்ற பட்டங்களால் என்று பத்திரிகைகள் எழுதும். முனிசிபலில் முதல், குளோபோவில் முதல், வெளிநாட்டு விழாவில் முதல். எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது, ஒவ்வொரு முதலுக்குப் பிறகும் இரண்டாவது வருவதற்கு எடுத்துக்கொண்ட காலம்தான். குளோபோவின் தற்காலக் கதையொன்றில் கறுப்பினப் பெண் தனி நாயகியாக வந்தது 2004இல், டாயிஸ் அராவ்ஜோ நடித்த தொடரில். 1969க்கும் 2004க்கும் நடுவில் முப்பத்தைந்து வருஷம் இருக்கிறது. அந்த முப்பத்தைந்து வருஷமும் யாராவது ஒருவர் அங்கே, ஓரத்திலாவது, சாயம் பூசாத முகத்தோடு நின்றுகொண்டிருக்க வேண்டியிருந்தது. அப்படி நின்றவர்களில் ரூத் மூத்தவர்.

பார்க்கத் தொடங்குவதானால் வெளிவந்த வரிசையில் போகாதீர்கள். முதலில் 'காற்றின் மகள்கள்'. பிறகு ரயில் கொள்ளைப் படம். 'சின்யா மோசா'வைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். முதுமையில் அந்த முகத்தைப் பார்த்துப் பழகிவிட்டு முப்பது வயதுச் சபீனாவைப் பார்த்தால், பின்னணியில் நிற்கிற காட்சிகளில்கூட உங்கள் கண் தானாக அவரைத் தேடிப் போகும்.